வாயில் மறுத்தல்: விளையாட்டு அழைப்புகள் பற்றிய ஒரு நோக்கு

ஒரு கூற்றைத் திறனாயப் புகுவோன், அதன் அழகினை நோக்குவதற்கு முன்னர், அதனைக் கூறுபவர் யார், எவரை நோக்கிக் கூறுகின்றார் என வினவுதல் வேண்டும். இவ்வினா தமிழ் மரபுக்குப் புதியதன்று. தொல்காப்பியச் செய்யுளியல் செய்யுளுக்குரிய உறுப்புகளென எண்ணும் 34 இனுள் கூற்று, கேட்போர், களம், காலம், பயன் என்பன இடம்பெறுகின்றன. அவற்றோடு 'முன்னம்' என்பதும் ஓர் உறுப்பாகக் கொள்ளப்பட்டுள்ளது. இவ்விடத்து இம்மொழியை இன்னார்க்கு இன்னார் கூறுதல் பொருந்தும் என்பதைக் கேட்போன் குறிப்பால் உணருமாறு அமைவதே முன்னம் எனப்படும். பாட்டிலே பேசுபவரின் பெயர் சொல்லப்படாதவிடத்தும், இது தலைவி கூற்று, இது தோழி கூற்று என நாம் தெளிவதற்கு உதவுவது இவ்வுறுப்பேயாகும். வகுப்பறைகளில் இவற்றைப் பரீட்சைக்குரிய பட்டியலாக மனனஞ் செய்து மறந்துவிடுகின்றோம். ஆயின், இன்று நாள்தோறும் நம்மை வந்தடையும் கூற்றுகளைப் பரிசோதிப்பதற்கு இவற்றினும் கூரிய கருவி கிடைப்பது அரிது.

இக்கட்டுரை எடுத்துக்கொள்ளும் கூற்று எந்த நூலிலும் அச்சேறியதன்று. கைத்தொலைபேசித் திரையின் உச்சியில் ஒரு சிறு மணியோசையுடன் தோன்றி மறையும் வாக்கியம் அது. 'இன்னார் உங்களுக்கு ஓர் உயிர் அனுப்பியுள்ளார்', 'உங்கள் பயிர் வாடுகின்றது', 'இன்னார் தம்முடன் விளையாட உங்களை அழைக்கின்றார்' என்னும் பொருள்பட அமையும் இவ்வகை அறிவித்தல்களைச் சமூக வலைத்தளங்களில் கணக்கு வைத்திருக்கும் எவரும் அறிவர். இவை திறனாய்வுக்குரிய பொருளாகுமா என வாசகர் வினவக்கூடும். வானொலியில் வாசிக்கப்பட்ட மரண அறிவித்தலும், தோட்டத்தில் எல்லோரையும் கலங்க வைத்த தந்தியும் ஒரு காலத்தின் வாழ்வை உருவாக்கிய மொழி வடிவங்கள் என்பதை ஏற்போர், இவ்வறிவித்தலையும் ஒரு மொழி வடிவமாக ஏற்பதில் தயக்கங்கொள்ள வேண்டியதில்லை. அவற்றிலும் இது கூடுதலாக வாசிக்கப்படுகின்றது என்பதொன்றே வேறுபாடு.

இவ்வடிவத்தின் வரலாறு நீண்டதன்று. 2009 ஜூன் மாதத்தில் சிங்கா என்னும் அமெரிக்க நிறுவனம் 'ஃபார்ம்வில்' என்னும் கமத்தொழில் விளையாட்டை முகநூலில் வெளியிட்டது. நிலத்தை உழுது, விதையிட்டு, குறித்த மணித்தியாலங்களில் திரும்பி வந்து அறுவடை செய்ய வேண்டும்; வரத் தவறின் பயிர் வாடிவிடும். 2010 இன் முற்பகுதியில் மாதமொன்றுக்கு 80 மில்லியனுக்கு மேற்பட்டோர் இதனை ஆடினர். ஆடியவர்களைக் காட்டிலும் ஆடாதவர்களே இதனால் அதிகம் அலைக்கழிந்தனர் எனலாம். வழிதவறி வந்த தனித்த பசுவொன்றுக்குப் புகலிடம் கொடுக்குமாறு வேண்டும் செய்திகள், விளையாட்டின் பெயரையும் அறியாதோரின் பக்கங்களில் குவிந்தன. முறைப்பாடுகள் பெருகவே, 2010 மார்ச் மாதத்தில் முகநூல் நிறுவனம் விளையாட்டுகள் தம்மிச்சையாக அறிவித்தல் அனுப்பும் வசதியை நிறுத்தியது. ஆயினும் ஒரு வழி அடைபட மறுவழி திறந்தது. நண்பர் அனுப்பும் வேண்டுகோள் என்ற உருவில் அதே செய்தி தொடர்ந்து வந்தது. காரணம் வெளிப்படையானது. முகநூல் பங்குச் சந்தையில் நுழைவதற்கு முன் வெளியிட்ட ஆவணத்தின்படி, 2011 இல் அதன் வருமானத்தில் ஏறத்தாழ 12 வீதம் சிங்கா நிறுவனத்தின் வாயிலாகவே கிடைத்தது. தன் வருவாயின் எட்டில் ஒரு பங்கைக் கொண்டுவரும் விருந்தினனை எந்த வீட்டுக்காரன் வாசலில் நிறுத்துவான்?

ஃபார்ம்வில் 2020 டிசம்பர் 31 ஆம் திகதி மூடப்பட்டது. அதற்கு முன்னரே, 2012 இல் வந்த 'கன்டி கிரஷ் சாகா' அதன் இடத்தைப் பிடித்திருந்தது. இவ்விளையாட்டில் ஆடுவோனுக்கு 5 உயிர்கள் உண்டு. தோற்குந்தோறும் ஓர் உயிர் குறையும். இழந்த உயிர் மீள 30 நிமிடங்கள் செல்லும். காத்திருக்க மனமில்லாதவன் காசு கொடுக்கலாம், அல்லது நண்பரிடம் உயிர்ப்பிச்சை கேட்கலாம். அப்பிச்சைக் குரலே அழைப்பாக நம் திரைக்கு வந்து சேர்கின்றது.

இதன் தொல்லை எத்துணை பரந்தது என்பதற்கு நம் அயலிலேயே ஒரு சான்றுண்டு. 2015 ஒக்டோபர் 28 ஆம் திகதி முகநூலின் தலைவர் மார்க் சக்கர்பேர்க் புதுடில்லி இந்தியத் தொழில்நுட்பக் கழகத்தில் ஒரு வினா விடைக் கூட்டத்தில் தோன்றினார். இணையச் சமநிலை பற்றி இந்தியா முழுதும் சூடான விவாதம் நடந்துகொண்டிருந்த காலம் அது. சில இணையத்தளங்களை மட்டும் இலவசமாக வழங்கும் அவரது திட்டம், வேறுபட்ட டேட்டாக் கட்டணங்களை இந்தியத் தொலைத்தொடர்பு ஒழுங்குமுறை ஆணையம் 2016 பெப்ரவரியில் தடைசெய்ததோடு அங்கு முடிவுக்கு வந்தது. அத்தகைய வேளையிலும் முன்கூட்டியே இணையவழி சேர்க்கப்பட்ட வினாக்களுள் மிகக் கூடுதலான வாக்குப் பெற்றது, கன்டி கிரஷ் அழைப்புகளை நிறுத்துவது எவ்வாறு என்பதே. தாம் அவ்வினாவைக் கண்டதும் உரிய பிரிவின் பொறுப்பாளருக்குச் செய்தி அனுப்பி, இக்கூட்டத்துக்கு முன் தீர்வொன்று காணுமாறு பணித்ததாகவும், விளையாடாதவர்களுக்கும் அழைப்பு அனுப்ப இடந்தரும் பழைய கருவிகள் சில எஞ்சியிருந்தமையே காரணமென்றும் அவர் விடையளித்தார். அவையினர் கைதட்டினர்.

அக்கைதட்டலை நான் மகிழ்ச்சியுடன் நோக்க இயலவில்லை. கோடிக்கணக்கானோர் தம் வீட்டு வாசலில் வந்து கத்துவோனை அப்புறப்படுத்த வேண்டுமாயின், பெரியவரின் காதில் அது விழுந்து, அவர் ஒரு துண்டு எழுதி அனுப்ப வேண்டியிருக்கிறது. தோட்டத்துக் கூரை ஒழுகினால் துரையிடம் மனுக் கொடுத்துக் காத்திருந்த முறைக்கும் இதற்கும் அமைப்பளவில் வேற்றுமை சிறிது. அழைப்புகளை நிறுத்துவதற்கான பொத்தான் அதற்கு முன்னரும் முகநூலில் இருந்தது. அது இருக்குமிடம் பலருக்குத் தெரியாதவாறு இருந்தது. அக்கூட்டம் நடந்து ஒரு வாரம் செல்லுமுன், கன்டி கிரஷை உருவாக்கிய கிங் நிறுவனத்தை 5.9 பில்லியன் டொலருக்கு வாங்கப் போவதாக அக்டிவிஷன் பிளிசார்ட் நிறுவனம் அறிவித்தது. அழைப்பின் பெறுமதியை அவ்விலையும் ஓரளவுக்கு எடுத்துக்காட்டும்.

இனி, கூற்றினைக் கூற்றாகவே நோக்குவோம். 'உங்கள் நண்பர் உங்களுக்கு ஓர் உயிர் அனுப்பியுள்ளார்' என்னும் வாக்கியத்தில் எழுவாய் நண்பர். பயனிலை அனுப்பியுள்ளார் என்பது. இலக்கணம் பிழையற்றது. ஆனால் அந்நண்பர் இவ்வாக்கியத்தைச் சொன்னவரல்லர். பெரும்பாலும், திரையில் தோன்றிய ஒரு பட்டியலில் எல்லாப் பெயர்களும் முன்பே தெரிவு செய்யப்பட்டிருக்க, அவர் 'அனுப்பு' என்பதை ஒருமுறை தொட்டிருப்பார், அவ்வளவே. சொற்கள் நிறுவனத்துடையவை, நேரம் நிறுவனம் குறித்தது, கேட்போரும் நிறுவனம் எடுத்துத் தந்த வரிசைப்படியே அமைந்தவர். நண்பருக்கு உரியதாய் எஞ்சுவது அவரது பெயரும் சிறு நிழற்படமும் மாத்திரமே. முன்னம் என்னும் உறுப்பு இங்கு திட்டமிட்டே திரிக்கப்படுகின்றது. இம்மொழி இன்னார் கூறத்தக்கது என நாம் குறிப்பால் உணர்வது எதுவோ, அவ்வுணர்வையே பொய்ப்பித்து ஆதாயம் பெறுவது இவ்வாக்கியத்தின் உத்தி. கவிஞன் தலைவியின் குரலில் பாடுவதும் மாற்றுக் குரல்தானே எனின், அவன் தன் கற்பனைப் பாத்திரத்தின் குரலைப் பூணுகின்றான். உயிருடன் இருக்கும் என் ஒன்றுவிட்ட சகோதரனின் குரலைப் பூண்டு என்னிடம் கைநீட்டுவதில்லை.

மலையகத்து வாசகருக்கு இவ்விடத்தில் வேறோர் அழைப்பு நினைவுக்கு வரும். விடியுமுன் தப்பொலி எழுப்பித் தொழிலாளரைப் பெரட்டுக்களத்துக்கு அழைத்த வழக்கம் தோட்ட வாழ்வின் முதல் ஒலியாக நெடுங்காலம் இருந்தது. சி. வி. வேலுப்பிள்ளை 1954 இல் வெளியிட்ட ஆங்கில நெடுங்கவிதையான 'இன் சிலோன்ஸ் டீ கார்டன்' இவ்வொலியுடனேயே தொடங்குகின்றது. சக்தீ பாலையாவின் தமிழாக்கமான 'தேயிலைத் தோட்டத்திலே' வாயிலாக அது நம் மாணவர்க்கு அறிமுகமானது. கொழுந்து எடுக்கும் சுற்று ஏறத்தாழ ஏழு நாள்களுக்கு ஒருமுறை வரும். தவறினால் கொழுந்து முற்றிவிடும். ஃபார்ம்வில்லின் வாடும் பயிரும் இதே அச்சத்தையே மூலதனமாகக் கொண்டது. பண்டாரவளைக்கும் அப்புத்தளைக்கும் பூனாகலைக்கும் இடைப்பட்ட மலைகளில் மெய்யான செடியின் முன் நாள் முழுதும் நின்று திரும்பும் ஒரு தாயின் மகன், கண்ணாடித் திரையில் இல்லாத பயிர் வாடுகின்றதென நள்ளிரவில் எழுவது எள்ளி நகையாடத்தக்க காட்சியன்று. அழைப்புக்கு அஞ்சி எழும் பழக்கம் அவ்வீட்டில் நாலைந்து தலைமுறை கண்டது.

எனினும் இரு அழைப்புகளும் ஒன்றெனக் கூறிவிட்டு அமைதல் திறனாய்வாகாது. பெரட்டுத் தப்பு தன் உடைமையாளனை மறைத்ததில்லை. அது துரையின் அழைப்பு என்பதை லயத்துச் சிறுபிள்ளையும் அறியும். தப்படித்தவர் தம் விருப்பினால் அடித்தவரல்லர். சாதியும் தோட்ட அதிகாரமும் கூடி அக்கருவியை அவர் தோளில் ஏற்றின. ஆதலால் அதிகாலைத் தூக்கம் கலைந்தவர் எரிச்சலுற்றாலும், அழைப்பின் பொறுப்பை அடித்தவர்மேல் சுமத்துவதற்கில்லை. விளையாட்டு அழைப்பிலோ தப்புக்காரர் மட்டுமே கண்ணுக்குத் தெரிகின்றார், துரை தெரிவதில்லை. 'எந்நேரமும் இவனுக்கு இதே வேலை' என நாம் நண்பனை ஏசுகின்றோம். சிலர் உறவையே முறித்துக்கொள்கின்றனர். கோபம் உரிய முகவரியை அடைவதில்லை.

பெயர் என்பது பற்றியும் இங்கு ஒன்று கூறுதல் தகும். தோட்டத்து வழக்கில் 'பேர்' என்பது ஒரு நாள் வேலைக்கான பதிவு. நிறை குறைந்தாலோ நேரம் பிந்தினாலோ 'அரைப் பேர்' விழும். அதாவது, உழைத்தவரின் பெயர் செக்ரோலில் ஏறினால் அது கூலியாக மாறும் என்னும் நம்பிக்கை அச்சொல்லிலேயே பொதிந்துள்ளது. அப்பேர் எத்தனையோ தடவை அநீதியாக வெட்டப்பட்டது என்பது வேறு கதை. விளையாட்டு நிறுவனம் நம் பெயரைக் கொண்டு நம் நண்பர்களிடையே விளம்பர வேலை செய்விக்கின்றது. எந்தச் செக்ரோலிலும் அதற்குப் பேர் விழுவதில்லை. அரைப் பேர்தானும் இல்லை.

மற்றுமொரு முரண். பல தோட்டங்களில் லயன் வீடுகளுக்குத் தனி முகவரி இல்லை. கடிதம் தோட்டக் காரியாலயத்துக்கு வரும்; அங்கிருந்து கை மாறிக் கை மாறிப் பிந்தி வரும், அல்லது வராமலே போகும். நேர்முகப் பரீட்சைக்கான அழைப்புக் கடிதம் திகதி கடந்தபின் கிடைத்த அனுபவம் மலையகத்தில் அரிதன்று. அரசின் தபால் இன்றும் ஒழுங்காக வந்து சேராத ஒரு காம்பராவின் கதவை, கலிபோர்னியாவிலிருந்தும் ஸ்டொக்ஹோமிலிருந்தும் வரும் விளையாட்டு அழைப்பு ஒருபோதும் தவறாமல், பெயர் சொல்லியே தட்டுகின்றது.

இவ்வடிவத்தைப் பற்றி எழுந்த சிறந்த திறனாய்வு ஒரு கட்டுரையாக வரவில்லை. ஒரு விளையாட்டாகவே வந்தது என்பது சுவையானது. அமெரிக்காவின் ஜோர்ஜியா தொழில்நுட்பக் கழகத்தில் அப்போது பணியாற்றிய இயன் போகொஸ்ட் என்பவர் 2010 ஜூலையில் 'கௌ கிளிக்கர்' என்னும் அங்கத விளையாட்டை முகநூலில் வெளியிட்டார். ஆடுவோர் செய்ய வேண்டியது ஒன்றே: ஆறு மணித்தியாலத்துக்கு ஒருமுறை ஒரு பசுவின் படத்தைத் தொடுதல். நண்பரைத் தம் தொழுவத்துக்கு அழைத்தால் அவர்கள் தொடும்போதும் புள்ளி கிடைக்கும். வேறெதுவுமில்லை. ஃபார்ம்வில் வகை விளையாட்டுகளின் உள்ளீட்டைச் சதை நீக்கி எலும்பாகக் காட்டுவதே அவர் நோக்கம். நேர்ந்தது வேறு. 50,000 இற்கு மேற்பட்டோர் அதனை மெய்யாகவே ஆடத் தலைப்பட்டனர். 2011 செப்டம்பரில் அவர் பசுக்கள் அனைத்தையும் திரையிலிருந்து மறைத்தார். மறைந்த பின்னரும் சிலர் பசு நின்ற வெறும் புல்லைத் தொட்டுக்கொண்டிருந்தனர்.

அங்கதம் தோற்றது எனச் சிலர் இதனைக் கொள்வர். என் கருத்து வேறு. ஒரு வடிவத்தை நகையாடுவதற்கு அவ்வடிவத்தையே பயன்படுத்தும் படைப்பு, அவ்வடிவத்தின் ஈர்ப்பையும் சேர்த்தே எடுத்துக்கொள்கின்றது. அவ்விடரை மறையாது காட்டியதே அதன் நேர்மை. வெறும் புல்லைத் தொட்டவர்களையும் மூடர் என ஒதுக்குவதற்கில்லை. அவர்கள் தொழுவங்களில் நண்பர்கள் இருந்தனர். இக்கருத்துக்குப் பின்னர் வருவேன்.

இத்தகைய அழைப்பை எதிர்கொள்வதற்குரிய சொல் நம் அகமரபில் ஆயத்தமாகவே உள்ளது. தலைவனுக்கும் தலைவிக்கும் இடையே செய்தி கொண்டு செல்லும் பாணன், விறலி, பாங்கன் முதலானோர் வாயில்கள் எனப்படுவர். பரத்தையிற் பிரிந்த தலைவன் மீண்டு வரும்போது பாணனை முன்னே அனுப்புவான். பாணனின் சொல் இனியது, யாழும் இனியது, ஆயின் அவன் தலைவனை அண்டி வாழ்பவன் என்பதைத் தோழி அறிவாள். அவள் அவனை வாசலில் நிறுத்தித் திருப்பி அனுப்புவதே 'வாயில் மறுத்தல்' என்னும் துறை. ஏற்றுக்கொள்ளுமிடத்து அது 'வாயில் நேர்தல்'. இவ்விரண்டையும் ஒரே தோழி செய்கின்றாள் என்பதே இங்கு முதன்மையானது. அவள் கதவை நிரந்தரமாக அடைத்துவிடுபவளல்லள். வந்தவன் யார், யாருக்காக வந்தான் என ஒவ்வொரு தடவையும் எடைபோடுபவள்.

மாறாக, நம் பகுதியில் நடப்பதைப் பாருங்கள். 2020 மார்ச்சில் பாடசாலைகள் மூடப்பட்டபோது, பல லயன் வீடுகளுக்குள் ஸ்மார்ட் போன் முதன்முதலாகப் பாடத்துக்காகவே நுழைந்தது. பதுளை மாவட்டத்தின் போகிட்டியாவ கிராமத்துப் பிள்ளைகள் 2021 இல் அலைவரிசை தேடி மலையுச்சியிலும் மரத்திலும் ஏறிப் பாடங் கற்ற படம் உலகச் செய்தியாயிற்று. கடன்பட்டு வாங்கிய அதே கருவியில் பாடத்துடன் விளையாட்டும், விளையாட்டுடன் அழைப்பும் வந்தன. ஞாயிற்றுச் சந்தைக்குப் பண்டாரவளை நகருக்கு வரும் தாய்மார், கைத்தொலைபேசிக் கடையில் நின்று, 'தம்பி, இந்தச் சத்தத்த மட்டும் நிப்பாட்டிக் குடுங்க' எனக் கேட்பதைப் பன்முறை கண்டிருக்கின்றேன். கடைத் தம்பிக்கு நேரமில்லை; பின்னே பத்துப் பேர் நிற்கின்றனர். 'எல்லாத்தையும் ஓஃப் பண்ணிட்டேன் அக்கா' என்று கொடுத்துவிடுவார். சத்தம் நின்றுவிடும். அதனுடன் பள்ளிக்கூடத்து வாட்ஸ்அப் குழுவும், வங்கியின் செய்தியும், வேறொன்றும் நின்றுவிடும்.

அவ்வேறொன்று பற்றியே இக்கட்டுரையை எழுத நேர்ந்தது. 2014 ஒக்டோபர் 29 ஆம் திகதி காலை கொஸ்லந்தை மீரியபெத்தையில் லயன்கள் மண்ணுள் புதைந்தன. அவ்விடம் ஆபத்தானது என 2005 இலும் 2011 இலும் எச்சரிக்கப்பட்டிருந்தது. செல்வதற்கு வேறு நிலம் கொடுக்கப்படாத மக்களுக்கு விடுக்கும் எச்சரிக்கையும் குறைபட்ட கூற்றே. கூறியவர் தம் கடமை முடிந்ததெனக் கருதுவதற்கு மட்டும் அது போதுமானது. 2023 மார்ச் 19 இல் பூனாகலை கபரகலையில் மீண்டும் மண் சரிந்தது. 2025 நவம்பர் இறுதியில் வந்த டித்வா புயலின்போது மிகக் கடுமையாகப் பாதிக்கப்பட்ட மாவட்டங்களுள் பதுளையும் ஒன்று. தேசிய கட்டட ஆராய்ச்சி நிறுவனம் மண்சரிவு எச்சரிக்கையை மூன்று படிகளில் விடுக்கின்றது: மஞ்சள், விழிப்பாயிரு, செம்மஞ்சள், ஆயத்தமாகு, சிவப்பு, வெளியேறு. இவ்வெச்சரிக்கை இன்று பெரும்பாலும் கைத்தொலைபேசியின் வழியே, குறுஞ்செய்தியாகவும் செயலிகளிலும் சமூக வலைத்தளப் பக்கங்களிலும் பரவுகின்றது. உயிரைக் கேட்கும் விளையாட்டு அழைப்பும் சிவப்பு வட்டத்துடனேயே வருகின்றது. இரண்டுக்கும் ஒரே மணியோசை.

தப்பிலே இக்குறைபாடு இருந்ததில்லை. பெரட்டுக்கு ஓர் அடி, சாவுக்கு ஓர் அடி, காமன் கூத்துக்கு ஓர் அடி எனத் தாளம் வேறுபடும். லயத்தின் உள்ளே படுத்திருப்பவர் எழாமலே இன்ன செய்தி என அறிவார். கைத்தொலைபேசியை உருவாக்கியோர் இவ்வறிவை எட்டுவதற்குச் சில ஆண்டுகள் சென்றன. 2017 இல் வந்த அண்ட்ரொய்ட் 8 ஆம் பதிப்பிலேயே ஒரு செயலியின் அறிவித்தல்களை வகைவகையாகப் பிரித்து, ஒன்றை நிறுத்தி மற்றதை வைத்துக்கொள்ளும் ஒழுங்கு வந்தது. அறிவித்தல் அனுப்பலாமா என முதலில் அனுமதி கேட்க வேண்டும் என்ற விதி 2022 இல், 13 ஆம் பதிப்பில்தான் வந்தது. பழைய கருவிகளை வாங்கும் நம் வீடுகளுக்கு இவை இன்னும் பிந்தியே வந்து சேர்ந்தன.

ஆகவே மறுக்கும் முறையை ஓரளவு விளக்குதல் திறனாய்வுக்குப் புறம்பாகாது. திரையில் அறிவித்தல் தோன்றியதும் அதனைத் தட்டிவிடாமல், அதன்மேல் விரலைச் சிறிது நேரம் அழுத்தி வைத்தால், அதனை அனுப்பிய செயலியின் பெயர் தெரியும். கூற்றுக்குரியவர் அங்கே முகம் காட்டுகின்றார். அவ்விடத்திலேயே அச்செயலியின் அறிவித்தலை, அல்லது அதில் ஒரு வகையை மட்டும், நிறுத்தலாம். இது கருவியின் வாசல். முகநூலுக்குத் தன் சொந்த வாசல் ஒன்றுண்டு: செட்டிங்ஸ் பகுதியில் 'ஆப்ஸ் அண்ட் வெப்சைட்ஸ்' என்பதற்குள் சென்றால், எந்தெந்த விளையாட்டுகள் நம் கணக்குடன் பிணைந்துள்ளன என்பது தெரியும். விளையாட்டைக் கைத்தொலைபேசியிலிருந்து அழித்தாலும் இப்பிணைப்பு அறுவதில்லை என்பதைப் பலர் உணர்வதில்லை. அங்கும் அதனை நீக்குதல் வேண்டும். இவ்விரு வாசல்களையும் அறிந்தவர் குறுஞ்செய்தியின் ஓசையைத் தொடாமலே கன்டி கிரஷை வெளியேற்ற முடியும். கருவி முழுவதையும் ஊமையாக்கும் பொத்தானே எல்லாவற்றுக்கும் மருந்தென எண்ணுவதுதான் ஆபத்து.

இவ்வாசல்களின் தமிழ் பற்றி அதிகம் சொல்லத் தேவையில்லை. தமிழில் இயங்குமாறு கருவியை மாற்றுவோர் எதிர்கொள்ளும் சொற்கள் ஆங்கிலப் பட்டியலின் நிழல்கள். வினை யாருடையது, விளைவு யாருக்கு என்பது தெளிவாவதில்லை. பலர் மீண்டும் ஆங்கிலத்துக்கே திரும்புகின்றனர். அழைக்கும் வாக்கியத்தை மெருகேற்றுவதற்குச் செலவிட்ட உழைப்பில் சிறு பங்கேனும் மறுக்கும் வாக்கியத்துக்குச் செலவிடப்படவில்லை என்பது இரண்டையும் அருகருகே வைத்து வாசிப்போர்க்குத் தெரியும். தமிழ்ச் சங்கங்கள் ஆண்டுதோறும் நடத்தும் கலைச்சொற் கருத்தரங்குகளில் இப்பட்டியலும் ஒருமுறை மேசைக்கு வரலாம்.

முன்னர் பின்தள்ளிய கருத்துக்கு வருகின்றேன். இவ்வழைப்புகள் அனைத்தும் போலிக் கூற்றுகளா? அவ்வாறு கூறிவிட்டால் என் வாதம் எளிதாக முடிந்துவிடும்; ஆனால் உண்மை அதற்கு இடந்தருவதில்லை. இப்பகுதித் தோட்டங்களிலிருந்து குவைத்துக்கும் சவூதிக்கும் வீட்டுப் பணிக்குச் சென்ற பெண்கள் பலர். பகலில் எசமானியின் வீட்டில் பேச அனுமதியில்லாத ஒருத்தி, இரவில் தன் படுக்கையிலிருந்து மகனுக்கு ஓர் 'உயிர்' அனுப்புகின்றாள் எனக் கொள்வோம். வாக்கியம் அதே வாக்கியந்தான். நிறுவனம் யாத்த சொற்கள்தாம். ஆயினும் அதனைத் தொட்ட விரலுக்கு ஒரு பொருளுண்டு. தான் விழித்திருப்பதாகவும், அவனை நினைத்ததாகவும் அது சொல்லும். மகனும் அதனை அவ்வாறே வாசிப்பான். கூறுவோரும் கேட்போரும் களமும் காலமும் பொருந்திவர, பொய்யாக வார்க்கப்பட்ட சொல்லில் மெய்யான முன்னம் வந்து அமர்ந்துகொள்கின்றது. பாணன் எவனுடைய ஆளாயினும், சில வேளைகளில் அவன் கொண்டுவரும் செய்தி தலைவியின் நெஞ்சு காத்திருந்த செய்தியாகவே இருப்பதுண்டு.

முகநூலின் தடைப் பட்டியலில் பல ஆண்டுகளாக இரு வழிகள் இருந்து வந்துள்ளன. ஒரு விளையாட்டை முழுதாகத் தடுக்கலாம். அல்லது ஒருவரிடமிருந்து வரும் விளையாட்டு அழைப்புகள் எல்லாவற்றையும் தடுக்கலாம். இந்த ஒருவர் அனுப்பினால் மட்டும் வரட்டும், ஏனையவை வேண்டாம் எனச் சொல்வதற்குரிய வரி அதில் இல்லை. அம்மகன் கன்டி கிரஷைத் தடுத்தால் குவைத்திலிருந்து வரும் உயிரும் நின்றுவிடும். தடுக்காவிடில் எல்லோருடையதும் வரும். அவன் அதனைத் தடுக்காமல், ஓசையை மட்டும் நிறுத்திவிட்டு, இரவு பத்து மணிக்குத் தானே திறந்து பார்ப்பானாயின், அவனுக்கு அறிவுரை கூறுவதற்கு என்னிடம் ஏதுமில்லை.